பழைய முகவரிக்குப் போன நோட்டீஸ்

வேளச்சேரியில் ஒரே வாடகை வீட்டில் பத்து வருடம் இருந்தவர்களைப் பார்ப்பது அரிது. தரமணியிலும் பெருங்குடியிலும் கம்ப்யூட்டர் கம்பெனிகள் வந்தபோது வாடகை ஏறியது. 2007-இல் பறக்கும் ரயில் வேளச்சேரி வரைக்கும் வந்தபோது இன்னும் ஏறியது. ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையைப் பதிவு செய்தாக வேண்டும் என்று 1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டம் சொல்வதால், பதினொரு மாத ஒப்பந்தம் என்பது நம் ஊரில் வழக்கமாகிவிட்டது. பதினொரு மாதம் முடிந்ததும் வீட்டுக்காரர் வாடகையைக் கூட்டுவார். கட்டுப்படியாகாதவர் மடிப்பாக்கத்துக்கோ மேடவாக்கத்துக்கோ ஜாகை மாற்றுவார். மினி லாரியில் பீரோவும் கட்டிலும் ஏறும். கேஸ் இணைப்பை மாற்றுவார்கள். பள்ளிக்கூட வேன்காரரிடம் புது வழி சொல்வார்கள். தபாலைப் பற்றி மட்டும் யாருக்கும் நினைப்பு வராது.

"இந்தக் காலத்துல யார் சார் லெட்டர் போடறாங்க?" என்று என் அலுவலகத்துக்கு வருகிறவர்கள் கேட்பதுண்டு. சொந்தக்காரர்கள் போடுவதில்லை, உண்மைதான். ஆனால் வங்கி போடுகிறது. இன்சூரன்ஸ் நிறுவனம் போடுகிறது. எதிராளியின் வக்கீல் போடுகிறார். நீதிமன்றம் போடுகிறது. வாழ்க்கையைப் புரட்டிப் போடக்கூடிய கடிதங்கள் இன்றைக்கும் தபாலில்தான் வருகின்றன. அப்படி ஒரு கடிதம் பழைய வீட்டு வாசலைத் தொட்டுவிட்டுத் திரும்பிப் போனால் என்ன ஆகும் என்பதற்கு, 2017-இல் சைதாப்பேட்டை நீதிமன்றத்தில் நான் நடத்திய ஒரு செக் வழக்கைச் சொல்கிறேன். சம்பந்தப்பட்டவர்களின் பெயர் வேண்டாம், சங்கதிதான் முக்கியம்.

கட்சிக்காரர் ஐம்பது வயதைக் கடந்த அம்மாள். கணவர் காலமாகிவிட்டார். வேளச்சேரி ஏ.ஜி.எஸ். காலனியில் ஒரு வீட்டின் தரைத்தளத்தை வாடகைக்கு எடுத்து, முன்பக்கம் மெஸ் நடத்தினார். பின்கட்டில் மகனோடு குடியிருந்தார். சுற்றுவட்டாரத்தில் அறை எடுத்துத் தங்கியிருந்த பையன்களுக்குக் காலையில் இட்லி, பொங்கல், ராத்திரி சப்பாத்தி, ஞாயிற்றுக்கிழமை மதியம் கோழிக்குழம்பு. அரிசி, பருப்பு, எண்ணெய் எல்லாம் ஒரு மொத்த மளிகைக் கடையிலிருந்து கடனுக்கு வரும். மாதம் பிறந்ததும் கணக்கு முடிப்பார். கடைக்காரரை அவர் 'அண்ணாச்சி' என்றே சொல்வார். நானும் அப்படியே எழுதுகிறேன்.

2015 டிசம்பர் 1-ஆம் தேதி பெய்த மழையைச் சென்னைக்காரர்களுக்கு நினைவுபடுத்த வேண்டியதில்லை. தாம்பரத்தில் மட்டும் ஒரே நாளில் 49 சென்டிமீட்டர். அந்தப் பக்கத்துத் தண்ணீரெல்லாம் ஏரி ஏரியாக நிரம்பி வழிந்து பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தைத் தேடித்தான் வரும். அந்தச் சதுப்பு நிலத்தை ஒட்டி இருக்கிறது வேளச்சேரி. அம்மாளின் மெஸ்ஸுக்குள் இடுப்பளவு தண்ணீர். அரிசி மூட்டைகள் ஊறிப் புளித்துப் போயின. கிரைண்டர் மோட்டாருக்குள் சேறு. மாடியில் இருந்த வீட்டுக்காரர் இடம் கொடுத்ததால் அம்மாவும் பிள்ளையும் தப்பித்தார்கள். தண்ணீர் வடிந்த பிறகு அந்த வீட்டில் மறுபடி அடுப்பு மூட்ட அவருக்கு மனம் வரவில்லை. மேடவாக்கத்தில் சின்னதாக ஒரு வீடு பிடித்து, கேரியர் சாப்பாடு கட்டி அனுப்பத் தொடங்கினார்.

வெள்ளத்துக்கு முன்பு வாங்கிய சரக்குக்கு அண்ணாச்சிக்குத் தர வேண்டிய பாக்கி 1,40,000 ரூபாய். ஜனவரியில் அண்ணாச்சி மேடவாக்கம் வீட்டுக்கே வந்தார். "அம்மா, எனக்கும் குடோன்ல சரக்கு நனைஞ்சு போச்சு. ஒரு செக்காவது போட்டுக் குடுங்க" என்றார். ஏப்ரல் கடைசித் தேதியிட்டு ஒரு காசோலையைக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார் அம்மாள். அதற்குள் தொழில் நிமிர்ந்துவிடும் என்று இருவருமே நம்பினார்கள். மறு வாரத்திலிருந்து அண்ணாச்சி கடைப் பையன் மேடவாக்கம் வீட்டுக்குச் சரக்கு கொண்டுவந்து இறக்கினான்.

அதே ஜனவரியில் அம்மாள் இன்னொரு காரியமும் செய்திருந்தார். வேளச்சேரி வீட்டுக்காரர் தபால் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். "தபால்காரர்கிட்ட வாயால சொன்னாப் போதாதும்மா. போஸ்ட் ஆபீஸ்ல எழுதிக் குடுங்க. காப்பியில சீல் வாங்கி வெச்சுக்குங்க" என்று அவர்தான் சொல்லிக்கொடுத்தார். அம்மாள் ஒரு முழுத்தாளில், வேளச்சேரி போஸ்ட்மாஸ்டர் அவர்களுக்கு என்று தொடங்கி, பழைய முகவரி, புது முகவரி, தன் பெயர், மகன் பெயர் எல்லாம் எழுதி, இன்ன தேதியிலிருந்து மூன்று மாதத்துக்கு எங்கள் தபால்களைப் புது முகவரிக்குத் திருப்பி அனுப்பும்படி கேட்டுக்கொண்டு கையெழுத்திட்டார். ஜெராக்ஸ் காப்பியில் தபால் நிலையத்தின் வட்ட முத்திரை விழுந்தது.

அந்தக் கடிதம் வேலை செய்தது. ஆயுள் காப்பீட்டு பிரீமியம் நோட்டீஸ் ஒன்று அப்படி வந்து சேர்ந்த உறையை நான் பிறகு பார்த்தேன். அச்சடித்திருந்த ஏ.ஜி.எஸ். காலனி முகவரியைச் சிவப்பு மையால் குறுக்கே கோடிட்டு, பக்கத்தில் மேடவாக்கம் தெருப் பெயரைக் கையால் எழுதியிருந்தார்கள். 600042 அடிபட்டு 600100 ஆகியிருந்தது. உறையின் பின்புறம் வேளச்சேரி முத்திரையும் அடுத்த நிலையத்தின் முத்திரையும் ஒன்றன்மேல் ஒன்று பாதி ஏறியிருந்தன. இதற்காக ஒரு பைசா கூட அவர் செலவழிக்கவில்லை.

மூன்று மாதம் ஏப்ரல் நடுவில் முடிந்தது. இன்னொரு கடிதம் எழுதிக் கொடுக்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. தபால் வந்துகொண்டுதானே இருந்தது.

மே மாதம் அண்ணாச்சி காசோலையை வங்கியில் போட்டார். கணக்கில் போதிய பணம் இல்லை என்று திரும்பியது. அம்மாளுக்கு அது தெரியும். அவரே போன் செய்து தவணை கேட்டார். "சரிம்மா, பாத்துக் குடுங்க" என்றார் அண்ணாச்சி. பிறகு எண்ணெய் விலையில் இருவருக்கும் மனஸ்தாபம் வந்தது. சரக்கு நின்றது, பேச்சும் நின்றது. வங்கி மெமோவோடு அண்ணாச்சி ஒரு வக்கீலைப் பார்த்தார். வக்கீல் அலுவலகம் மே கடைசியில் பதிவுத் தபாலில் ஒப்புதல் அட்டையுடன் நோட்டீஸ் அனுப்பியது. முகவரி: ஏ.ஜி.எஸ். காலனி, வேளச்சேரி.

அந்தச் சமயம் தரைத்தளம் காலியாகக் கிடந்தது. மாடி வீட்டுக்காரர் தன் மகளின் ஊருக்குப் போயிருந்தார். அந்தப் பகுதிக்கு வேறு தபால்காரர் வந்துவிட்டார். நோட்டீஸ் திரும்பியது. ஜூலையில் வழக்கு தாக்கலானது. சம்மன் அதே முகவரிக்குப் போய்த் திரும்பியது. அடுத்து ஜாமீனில் விடக்கூடிய வாரண்ட். அதற்கும் ஆள் இல்லை. 2017 பிப்ரவரியில், ஜாமீனில் விட முடியாத பிடிவாரண்டை எடுத்துக்கொண்டு ஒரு தலைமைக் காவலர் ஏ.ஜி.எஸ். காலனிக்குப் போக, மாடி வீட்டுக்காரர் அம்மாளின் செல்பேசி எண்ணைக் கொடுத்தார். "அம்மா, உங்க பேர்ல என்.பி.டபிள்யூ. இருக்கு. நாளைக்கே வக்கீலோட கோர்ட்டுக்குப் போயிருங்க" என்று அந்தக் காவலர் நல்ல முறையில் சொன்னார். அன்றைக்குச் சாயங்காலமே அம்மாள் மகனோடு என்னிடம் வந்தார். இப்படி ஒரு வழக்கு இருப்பதே அவருக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

மறுநாள் வக்காலத்து போட்டு, பெஞ்ச் கிளார்க்கிடம் கேட்டு வழக்குக் கட்டைப் பார்த்தேன். திரும்பி வந்த நோட்டீஸ் உறை பிரிக்கப்படாமல் அதில் கோத்திருந்தது. முகவரிக்கு மேல் சாய்வாக, பால்பாயிண்ட் பேனாவில், 'லெஃப்ட்' என்று ஒரு சொல்; கீழே தபால்காரரின் சுருக்கொப்பமும் தேதியும். பின்னால் ஒட்டியிருந்த ஒப்புதல் அட்டையில் கையெழுத்து இட வேண்டிய இடம் வெறுமையாக இருந்தது. புகாரின் நடுவில் ஒரு வரி: எதிரி வேண்டுமென்றே நோட்டீஸைத் தவிர்க்கும் பொருட்டு வீட்டைக் காலி செய்துவிட்டுத் தலைமறைவாகிவிட்டார்.

இங்கே சட்டத்தைக் கொஞ்சம் விளக்க வேண்டும். மாற்றுமுறை ஆவணச் சட்டம் 1881-இன் 138-ஆம் பிரிவின்படி, காசோலை திரும்பியதே குற்றமாகிவிடாது. திரும்பிய தகவல் வங்கியிலிருந்து கிடைத்த 30 நாட்களுக்குள் காசோலை கொடுத்தவருக்கு எழுத்துமூலம் நோட்டீஸ் தர வேண்டும். நோட்டீஸ் கிடைத்த 15 நாட்களுக்குள் அவர் பணத்தைக் கட்டிவிட்டால் குற்றமே இல்லை. கட்டத் தவறினால்தான் குற்றம். அதன் பிறகு ஒரு மாதத்துக்குள் வழக்கு. தண்டனை இரண்டு ஆண்டு வரை சிறை, அல்லது காசோலைத் தொகையின் இரு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும். ஆக, அந்த 15 நாள்தான் கடன்பட்டவருக்குச் சட்டம் திறந்துவைத்திருக்கும் கதவு. அந்தக் கதவு ஒரு தபால் உறையைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு நிற்கிறது.

உறை கைக்கு வரவே இல்லை என்றால்? பொது விளக்கச் சட்டம் 1897-இன் 27-ஆம் பிரிவு ஓர் அனுமானத்தை வைத்திருக்கிறது. சரியான முகவரி எழுதி, தபால் கட்டணம் செலுத்தி, பதிவுத் தபாலில் அனுப்பிய கடிதம், மாறாக நிரூபிக்கப்படும்வரை, சேர்ந்துவிட்டதாகவே கொள்ளப்படும். 1999-இல் கே. பாஸ்கரன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் செக் வழக்குகளுக்கும் பொருத்தியது. இது நியாயமான ஏற்பாடு. இது இல்லாவிட்டால், தபால்காரரைக் கண்டதும் கதவைச் சாத்திக்கொள்கிற எவனிடமும் கடன் கொடுத்தவர் பணத்தை வாங்க முடியாது. நான் கடன் கொடுத்தவர்களுக்காகவும் வழக்கு நடத்துகிறேன். இந்த அனுமானம் இல்லாமல் பல பேர் நடுத்தெருவில் நின்றிருப்பார்கள்.

ஆனால் நேர்மையானவருக்கும் உறை தவறிப் போகலாம் என்பதை உச்ச நீதிமன்றம் மறக்கவில்லை. 2007 மே மாதம் சி.சி. அலவி ஹாஜி எதிர் பலப்பெட்டி முகம்மது வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு ஒரு வழி சொன்னது. நோட்டீஸ் கிடைக்கவில்லை என்கிறவர், நீதிமன்றத்திலிருந்து சம்மனும் புகார் நகலும் கிடைத்த 15 நாட்களுக்குள் காசோலைத் தொகையைக் கட்டிவிட்டு, புகாரைத் தள்ளுபடி செய்யும்படி கேட்கலாம். அப்போதும் கட்டாதவர், நோட்டீஸ் வரவில்லை என்று பிறகு சொல்ல முடியாது. சட்டத்தை ஏய்ப்பவனுக்கு இடம் கொடுக்காமல், அகப்பட்டுக்கொண்ட நேர்மையானவருக்கு இன்னொரு முறை கதவைத் திறக்கும் தீர்ப்பு அது. செக் வழக்கு நடத்தும் எவரும் அதை மனப்பாடமாக வைத்திருக்க வேண்டும்.

முதல் வேலை வாரண்டை ரத்து செய்வது. அப்போது நடைமுறையில் இருந்த குற்றவியல் நடைமுறைச் சட்டம் 70(2)-இன்படி ரீகால் மனு போட்டேன். முத்திரை விழுந்த தபால் நிலையக் கடிதத்தின் நகல், சிவப்புக் கோடு போட்ட காப்பீட்டு உறை, மேடவாக்கம் வாடகை ஒப்பந்தம் மூன்றையும் பிரமாண வாக்குமூலத்தோடு இணைத்தேன். இந்தர் மோகன் கோஸ்வாமி வழக்கில், 2007-இல், தனிமனித சுதந்திரம் சம்பந்தப்பட்டது என்பதால் பிடிவாரண்டை எளிதில் பிறப்பிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் எச்சரித்திருப்பதைச் சுட்டிக்காட்டினேன். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் எழுந்து, "இவங்க ஓடி ஒளிஞ்சவங்க, யுவர் ஆனர்" என்றார்.

நீதிபதி அந்தத் தபால் நிலையக் கடிதத்தைக் கையில் வாங்கினார். முத்திரையில் தேதியைப் பார்த்தார். காசோலைத் தேதியைப் பார்த்தார். "தலைமறைவாகப் போறவங்க போஸ்ட் ஆபீஸ்ல புது அட்ரஸ் எழுதிக் குடுத்துட்டுப் போவாங்களா?" என்று கேட்டார். எதிர்த்தரப்பிலிருந்து பதில் வரவில்லை. பிணைப் பத்திரம் எழுதிக்கொண்டு வாரண்ட் திரும்பப் பெறப்பட்டது. அன்றைக்கே நீதிமன்றத்தில் புகார் நகலும் ஆவண நகல்களும் அம்மாள் கையில் தரப்பட்டன. 15 நாள் அந்த நிமிஷத்திலிருந்து ஓடத் தொடங்கியது.

அன்று மாலை அம்மாளிடம் இரண்டு வழிகளையும் பிரித்துச் சொன்னேன். முதல் வழி, வழக்கை எதிர்த்து நடத்துவது. நோட்டீஸ் சரியான முகவரிக்குப் போகவில்லை என்பது நல்ல வாதம். 27-ஆம் பிரிவின் அனுமானம் சரியான முகவரி எழுதியவருக்குத்தான். வாங்க மறுத்தார், வீடு பூட்டியிருந்தது என்ற குறிப்புகளோடு திரும்பும் உறைகளை நீதிமன்றங்கள் சேர்ந்ததாகவே எடுத்துக்கொள்வதுண்டு. முகவரியை விட்டுப் போய்விட்டார் என்ற குறிப்பு வேறு வகை; அந்த முகவரியில் ஆள் இல்லை என்று தபால்காரரே சொல்கிறார். அதற்கு மேல் அண்ணாச்சிக்குப் புது முகவரி தெரியும். அதற்கு என்ன ஆதாரம் என்று கேட்டபோது, அம்மாளின் மகன் ஒரு துணிப்பையிலிருந்து பிப்ரவரி, மார்ச் மாத டெலிவரிச் சீட்டுகளை எடுத்து வைத்தான். கடை ரப்பர் ஸ்டாம்புக்குக் கீழே, கடைப் பையன் கையெழுத்திலேயே, 'மேடவாக்கம் மெஸ் அக்கா' என்றும் தெருப் பெயரும். விசாரணைக்கு வந்தால் அந்தச் சீட்டுகள் பலமான ஆவணம். ஆனால் வாய்தா மேல் வாய்தாவாக இரண்டு மூன்று வருடம் போகும். முடிவு இப்படித்தான் வரும் என்று யாரும் உறுதி தர முடியாது.

இரண்டாவது வழி, அலவி ஹாஜி தீர்ப்பின்படி 15 நாளுக்குள் பணத்தைக் கட்டி முடித்துக்கொள்வது.

அம்மாள் அதிகம் யோசிக்கவில்லை. "கடன் வாங்கினது நெசம் சார். அண்ணாச்சி அரிசி குடுத்தாரு, நான் பொங்கிப் போட்டேன். பணத்தைக் கட்டிடறேன். ஆனா ஓடிப்போயிட்டேன்னு அந்தப் பேப்பர்ல எழுதியிருக்கு பாருங்க, அது மட்டும் அப்படியே நிக்கக் கூடாது."

இரண்டு வளையலை அடகு வைத்தார். மகன் சீட்டுப் பணத்தை எடுத்தான். கெடு முடிவதற்குள் அண்ணாச்சி பெயருக்கு 1,40,000 ரூபாய் டிமாண்ட் டிராஃப்ட் எடுத்து, மெமோவோடு திறந்த நீதிமன்றத்தில் கொடுத்தோம். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் வட்டியும் செலவுத் தொகையும் கேட்டார். நோட்டீஸ் சட்டப்படி சேர்ந்ததாகத்தான் கொள்ள வேண்டும், எனவே 15 நாள் எப்போதோ முடிந்துவிட்டது என்று வாதிட்டார். தீர்ப்பின் அந்தப் பத்தியை நான் வாசித்தேன். நீதிபதி ஏற்றுக்கொண்டார். புகார் நகல் கிடைத்த 15 நாளுக்குள் தொகை செலுத்தப்பட்டதால் புகார் முடித்துவைக்கப்படுகிறது என்று உத்தரவு வந்தது. எதிரி தன் புது முகவரியைத் தபால் நிலையத்தில் எழுத்துமூலம் தெரிவித்திருந்தார் என்பதையும் உத்தரவில் குறிப்பிடும்படி நான் கேட்டிருந்தேன். அந்த வரியும் இருந்தது. உத்தரவு நகலை அம்மாளுக்குத் தமிழில் படித்துச் சொன்னபோது, பணம் போன இடத்தைக் காட்டிலும் அந்த வரியைத்தான் அவர் இரண்டாம் முறை படிக்கச் சொன்னார்.

அன்றைக்கு வராந்தாவில் அண்ணாச்சியும் நின்றிருந்தார். அவர் கெட்ட மனிதர் இல்லை. "வக்கீல் ஆபீஸ்ல அட்ரஸ் கேட்டாங்க, நான் பழைய பேரேட்டைப் பாத்துச் சொல்லிட்டேன் சார். கவர் திரும்பி வந்ததும் ஏமாத்திட்டாங்கன்னு நெனச்சுட்டேன்" என்றார். கடைப் பையனுக்கு மேடவாக்கம் தெரியும். கடைப் பேரேட்டுக்கு வேளச்சேரிதான் தெரியும். ஓர் உறை திரும்பியதில் இருவருக்கும் ஒரு வருடம் வீணானது. அந்த அம்மாளுக்கு ஒரு வாரண்டு, அண்ணாச்சிக்கு ஒரு வக்கீல் பீஸ்.

இந்த வழக்குக்குப் பிறகு, வீடு மாறப்போகிறேன் என்று என்னிடம் யார் சொன்னாலும் சில விஷயங்களைச் சொல்லாமல் அனுப்புவதில்லை. பழைய வீட்டுக்கு எந்தத் தபால் நிலையத்திலிருந்து தபால் வந்ததோ அங்கேதான் கடிதம் கொடுக்க வேண்டும். புது வீட்டுக்குப் பக்கத்து நிலையத்தில் கொடுத்துப் பயன் இல்லை. வீட்டில் யார் யார் பெயருக்குத் தபால் வருமோ அத்தனை பெயரையும் எழுதுங்கள். பெரியவர்கள் கையெழுத்தும் போடட்டும். இரண்டு முகவரியிலும் பின்கோடு தெளிவாக இருக்கட்டும். 1972-இல் வந்த அந்த ஆறு இலக்கத்தைப் பார்த்துத்தான் இன்றும் கடிதங்கள் பிரிக்கப்படுகின்றன. நகலில் முத்திரையும் தேதியும் வாங்காமல் வராதீர்கள். எத்தனை நாளுக்கு நடப்பில் இருக்கும் என்று அங்கேயே கேட்டு, முடிகிற தேதியைக் காலண்டரில் குறித்துவையுங்கள். பிள்ளைகள் வெளிநாட்டில் இருக்கிறவர்களுக்குத் தெரிந்திருக்கும்: அமெரிக்கத் தபால் துறை சாதாரணக் கடிதங்களைப் புது முகவரிக்கு 12 மாதம் அனுப்பும், பிரிட்டனில் 3, 6, 12 மாதம் என்று கட்டணம் கட்டி வாங்க வேண்டும். எந்த நாட்டிலும் இது காலக்கெடுவுள்ள வசதிதான். அந்தக் காலத்துக்குள் உங்களுக்குக் கடிதம் போடுகிறவர்கள் ஒவ்வொருவருக்கும் நீங்களே சொல்லி முடிக்க வேண்டும். அம்மாளின் வழக்கில் இடைவெளி விழுந்தது சரியாக இந்த இடத்தில்தான்.

தபால் நிலையத்தில் கொடுத்த கடிதம் கூரியர்காரரைக் கட்டுப்படுத்தாது என்பதையும் மறக்கக் கூடாது. செக் வழக்கில் சம்மனை விரைவுத் தபாலிலும், நீதிமன்றம் அங்கீகரித்த கூரியரிலும் அனுப்பலாம் என்று மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 144-ஆம் பிரிவு சொல்கிறது. சிவில் வழக்குகளில் கூரியர் வழியே சம்மன் அனுப்பும் முறை 2002-இல் வந்தது. சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில், 2005-இல், கூரியர் தரும் பொய்க் குறிப்புகளை நம்பிவிடாமல் நீதிமன்றங்கள் கவனமாக இருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. சேலத்து வழக்கறிஞர்கள் எழுப்பிய அந்தக் கேள்வி நாடு முழுக்க எத்தனையோ வாடகைக் குடித்தனக்காரர்களுக்குக் காவலாக நிற்கிறது.

வேறு சில கடமைகளைச் சட்டமே விதிக்கிறது. வண்டி வைத்திருப்பவர் முகவரி மாறினால் 30 நாளுக்குள் போக்குவரத்து அலுவலகத்துக்குத் தெரிவிக்க வேண்டும்; மோட்டார் வாகனச் சட்டம் 49-ஆம் பிரிவு. சிவில் வழக்கில் தரப்பினராக இருப்பவர் மனுவில் கொடுத்த முகவரியை மாற்றினால் நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும். உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 6, விதி 14-ஏ. தெரிவிக்காவிட்டால், பழைய முகவரிக்குப் போகும் நோட்டீஸே போதுமானதாகிவிடும். வங்கி, காப்பீடு, பான் கார்டு விவரம், ஆதார் எல்லாவற்றையும் ஒரே வாரத்தில் மாற்றி முடிப்பது நல்லது.

எல்லாவற்றுக்கும் முன்பு ஒன்று. உங்கள் கையெழுத்து யாரிடம் இருக்கிறது என்று கணக்கெடுங்கள். பின்தேதியிட்ட காசோலை வாங்கியவர், உங்கள் ஜாமீன் கையெழுத்தை வைத்திருக்கும் சீட்டுக் கம்பெனி, புரோநோட்டு எழுதி வாங்கியவர், கடன் கொடுத்த வங்கி. முதல் கடிதம் இவர்களுக்குத்தான். அவர் உங்கள் புது வீட்டுக்கு வந்து காபி குடித்தவராகவே இருந்தாலும், புது முகவரியை எழுதி விரைவுத் தபாலில் அனுப்பி, சேர்ந்ததற்கான ஆதாரத்தைப் பத்திரமாக வையுங்கள். அப்படி ஒரு கடிதம் அண்ணாச்சி கடைக்குப் போயிருந்தால், அதற்குப் பிறகு வேளச்சேரி முகவரிக்கு நோட்டீஸ் அனுப்ப எந்த வக்கீலும் துணிந்திருக்க மாட்டார்.

காலம் மாறிக்கொண்டிருக்கிறது. 1898-ஆம் ஆண்டு அஞ்சலகச் சட்டத்துக்குப் பதிலாக 2023-ஆம் ஆண்டுச் சட்டம் 2024 ஜூனில் நடப்புக்கு வந்தது. நம் தாத்தா காலத்திலிருந்து நோட்டீஸ்களைச் சுமந்த பதிவுத் தபால் 2025-இல் விரைவுத் தபாலோடு இணைந்துவிட்டது. செக் வழக்குகளில் மின்னஞ்சல், வாட்ஸ்அப் வழியாகவும் சம்மன் அனுப்பும்படி உச்ச நீதிமன்றம் அதே ஆண்டு செப்டம்பரில் உத்தரவிட்டது. வீடு மாறினாலும் செல்பேசி எண் மாறாதவர்களுக்கு இது பெரிய உதவி. ஆனால் எண்ணும் மாறும். வெள்ளத்தில் போனும் முழுகும். நோட்டீஸ் சேர்ந்ததா என்ற கேள்வி எழும்போது நீதிமன்றம் இன்னும் நெடுங்காலத்துக்கு முகவரியைத்தான் கேட்கும்.

சொந்த வீட்டுக்காரருக்குத் தலைமுறைக்கும் ஒரே முகவரி. வாடகைக்கு இருப்பவருக்குப் பதினொரு மாதத்துக்கு ஒன்று. வெள்ளம் வந்தால் ஒரே ராத்திரியில் ஒன்று. கடிதம் சேர்ந்துவிட்டதாகக் கொள்ளும் அனுமானம் இருவருக்கும் ஒன்றுதான்; அதன் பாரம் மட்டும் அடிக்கடி பெட்டி கட்டுகிறவர் தலையில் கூடுதலாக இறங்குகிறது. அந்தப் பாரத்தைக் குறைக்க அவர் கையில் இருக்கும் ஆயுதம் ஒரு முழுத்தாளும் ஒரு வட்ட முத்திரையும். தன்னைத் தலைமறைவானவள் என்று எழுதிய புகாருக்கு எதிராக அந்த அம்மாளின் மானத்தைக் காப்பாற்றியது என் வாதத்திறமை இல்லை. ஒரு ஜனவரி மாதம் அவர் வரிசையில் நின்று வாங்கி வைத்த அந்த நகல்தான். வீடு மாறுகிற ஒவ்வொருவரும் பால் காய்ச்சுவதற்கு முன்பு அதை வாங்கி வைக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.